டிக்ரி கையில் வந்தாச்சு, பணம் எப்போது வரும்?

கேள்வி சுருக்கமாக இதுதான்: கேட்டவர் தனக்குத் தெரிந்த ஒருவருக்குப் புரோநோட்டின் பேரில் 5 லட்சம் கொடுத்தார். பணம் திரும்பாததால் கேஸ் போட்டு, வட்டியும் செலவும் சேர்த்து 6 லட்சத்து 40 ஆயிரத்துக்கு டிக்ரி, அதாவது பணத்தைக் கட்டச் சொல்லும் கோர்ட் தீர்ப்பாணை, ஆகி ஒரு வருஷம் ஓடிவிட்டது. கடனாளி அரசு ஊழியர். டவுனில் சொந்த வீடு, ஊர்ப்பக்கம் இரண்டு ஏக்கர் நிலம். ஆனால் இதுவரை ஒரு பைசா வரவில்லை. கோர்ட் எப்போது வசூலித்துத் தரும், கோர்ட் ஊழியரான அமீனா வந்து வீட்டைப் பூட்டுவாரா, ஆளை ஜெயிலில் போட முடியுமா, வீட்டை மனைவி பேருக்கு எழுதப் போவதாகப் பேச்சு அடிபடுகிறதே, அதைத் தடுப்பது எப்படி?

கோர்ட் தானாக எதையும் வசூலித்துத் தராது. தீர்ப்பு சொல்லி டிக்ரி எழுதியதும் அந்த வழக்கைப் பொறுத்தவரை கோர்ட்டின் வேலை முடிந்தது. பணத்தை வாங்குவதற்கு நீங்கள் தனியாக நிறைவேற்று மனு, கோர்ட் வளாகத்தில் எல்லோரும் 'இ.பி.' என்று சொல்வது, போட வேண்டும். கடனாளிக்கு என்ன சொத்து, எந்த சர்வே நம்பர், நான்கு எல்லை என்ன, எங்கே வேலை பார்க்கிறார், சம்பளம் போடும் அதிகாரி யார் என்பதையெல்லாம் அந்த மனுவில் நீங்கள்தான் எழுத வேண்டும். எந்த வழியில் வசூலிக்க வேண்டும் என்றும் நீங்கள்தான் கேட்க வேண்டும். ஒரு வருஷமாகப் பணம் வரவில்லை என்கிறீர்கள், இ.பி. போட்டதாக ஒரு வார்த்தை இல்லை. போடவில்லை என்றால் அந்த ஒரு வருஷமும் வீண்தான்.

டிக்ரியை நிறைவேற்ற 12 வருஷம் அவகாசம் உண்டு என்று யாராவது சொல்லியிருப்பார்கள். சொன்னது சரிதான், காலவரம்புச் சட்டம் 136-வது பிரிவு அப்படித்தான் சொல்கிறது. ஆனால் அதை நம்பி உட்காரக் கூடாது, இரண்டு காரணம். டிக்ரி தேதியிலிருந்து இரண்டு வருஷம் தாண்டிவிட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21-வது கட்டளை, 22-வது விதிப்படி பொதுவாக முதலில் கடனாளிக்கு நோட்டீஸ் அனுப்பிய பிறகுதான் எதுவும் செய்ய முடியும். சொத்தை மாற்றி எழுத அவருக்கு நாமே மணி அடித்துச் சொல்வது மாதிரி ஆகிவிடும். இரண்டு வருஷத்துக்குள் போட்டால், அந்த நோட்டீஸ் இல்லாமலே வீட்டை ஜப்தி செய்ய உத்தரவு கேட்கலாம். உங்களுக்கு இன்னும் ஒரு வருஷம் மிச்சம் இருக்கிறது.

இன்னொரு காரணம் வட்டி. வியாபாரக் கடனாக இல்லாதபோது, டிக்ரிக்குப் பிறகு கோர்ட் கொடுக்கும் வட்டி அசலுக்கு வருஷம் 6 சதவீதத்தைத் தாண்டாது. 5 லட்சம் அசலுக்கு மாதம் 2,500 ரூபாய். வெளியில் நூற்றுக்கு இரண்டு வட்டி என்றால் அதே தொகைக்கு மாதம் 10,000. அதாவது உங்கள் பணத்தை வைத்துக்கொண்டு வாய்தா வாங்குவதுதான் அவருக்குக் கிடைக்கக்கூடிய மிக மலிவான கடன். கடனாளி ஏன் இழுக்கிறார் என்று யாரும் என்னிடம் கேட்டால் இந்தக் கணக்கைத்தான் போட்டுக் காட்டுவேன். நடுவில் அவர் பத்தாயிரம், இருபதாயிரம் என்று கொடுத்தாலும் அந்த 12 வருஷக் கெடு புதுப்பிக்கப்படாது. புரோநோட்டில் வரவு வைத்தால் புதுக் கெடு கிடைக்கும், டிக்ரியில் கிடைக்காது. இதைக் குழப்பிக்கொண்டு கெடுவைத் தவற விட்டவர்கள் நிறையப் பேர்.

உங்கள் விஷயத்தில் அவசரமானது வீடுதான். மனைவி பேருக்கு இனாமாக எழுதும் செட்டில்மென்ட் பத்திரம் பதிவாவதற்கு முன்னால் ஜப்தி உத்தரவு வாங்கியாக வேண்டும். ஜப்திக்குப் பிறகு கடனாளி தனியாக யாருக்கு எழுதிக் கொடுத்தாலும், அது விற்பனையோ தானமோ அடமானமோ, உங்கள் டிக்ரித் தொகையைப் பொறுத்தவரை செல்லாது. உரிமையியல் நடைமுறைச் சட்டம், 64-வது பிரிவு. ஒரே விலக்கு, ஜப்திக்கு முன்பே கிரய ஒப்பந்தம் போட்டுப் பதிவும் செய்திருந்தால், அந்த ஒப்பந்தப்படி பிறகு நடக்கும் கிரயம் செல்லும். அதனால் இ.பி. போடுவதற்கு முந்தைய நாள் ஒரு வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள். பதிவான வங்கி அடமானம் இருக்கிறதா என்பதும் அதிலேயே தெரிந்துவிடும்.

ஜப்தி என்றதும் சினிமாவில் பார்ப்பது போல அமீனா வந்து சாமானைத் தெருவில் தூக்கி வைத்துக் கதவுக்குப் பூட்டு போடுவார் என்று பலர் நினைக்கிறார்கள். வீடு, நிலம் போன்ற அசையாச் சொத்துக்கு அப்படி எதுவும் நடக்காது. அமீனா கையில் கொண்டு வருவது ஒரு தடை உத்தரவு. இந்தச் சொத்தை நீ யாருக்கும் எழுதிக் கொடுக்கக் கூடாது, மற்றவர்களும் வாங்கக் கூடாது என்பதுதான் அதன் சாரம். கோர்ட்டில் வாரண்டுகளைக் கவனிக்கும் நாஜர் செக்ஷனிலிருந்து வாரண்டை வாங்கிக்கொண்டு அமீனா கிளம்பும்போது, இடத்தைக் காட்ட உங்கள் தரப்பில் ஒருவர் கூடப் போக வேண்டும். தமுக்கு அடிப்பவரையும் ஏற்பாடு செய்ய வேண்டும். வீட்டு வாசலில் தமுக்கு அடித்து உத்தரவை உரக்கப் படித்து, ஒரு நகலைக் கண்ணில் படுகிற இடத்தில் ஒட்டுவார்கள். இன்னொன்று கோர்ட் நோட்டீஸ் போர்டுக்குப் போகும். தீர்வை கட்டும் நிலமாக இருந்தால் கலெக்டர் ஆபீசுக்கும், கிராமத்தில் இருந்தால் பஞ்சாயத்து ஆபீசுக்கும் ஒன்று ஒட்ட வேண்டும். வாரண்டின் பின்பக்கம் தேதி, நேரம், யார் இருந்தார்கள், தமுக்கு அடித்தவர் கையெழுத்து அல்லது ரேகை, சாட்சிகள் என்று அமீனா ரிப்போர்ட் எழுதுவார்.

அந்தப் பின்பக்கத்தை அலட்சியமாக விடாதீர்கள். ஐந்து வருஷம் கழித்து ஏலத்தை ரத்து செய்யச் சொல்லி வரும் மனுவில் முதல் வரி கிட்டத்தட்ட எப்போதும் ஒன்றுதான்: 'தமுக்கு அடிக்கவே இல்லை, நகல் ஒட்டவே இல்லை'. அன்றைக்கு அமீனா கூண்டேறி சாட்சி சொல்லும்போது அவருக்குத் துணை அந்தக் கையெழுத்துகள் மட்டும்தான். பக்கத்து வீட்டுக்காரர்கள் கையெழுத்துப் போடத் தயங்குவார்கள், அது இயல்பு. கூடப் போகிறவர் கொஞ்சம் பொறுமையாகப் பேசி இரண்டு உள்ளூர்ச் சாட்சியை வாங்கிவிட்டால் பின்னால் பெரிய வேலை மிச்சம். அப்புறம், ஜப்தி உத்தரவின் நகல் சார் பதிவாளர் அலுவலகத்துக்குப் போய்ச் சேர்ந்து வில்லங்கத்தில் ஏறிவிட்டதா என்பதை நீங்களே பாருங்கள். தபாலில் அனுப்பிவிட்டோம் என்று கோர்ட்டில் சொன்னால் அதோடு விடாதீர்கள்.

அசையும் பொருளை, அதாவது வண்டி, டி.வி., பீரோ போன்றவற்றை ஜப்தி செய்வதென்றால் அமீனா நேரில் எடுத்துத்தான் ஆக வேண்டும். பொழுது சாய்ந்து விடிவதற்குள் வீட்டுக்குள் நுழையக் கூடாது. கடனாளி குடியிருக்கும் வீடாக இருந்து அவர் கதவைத் திறக்க மறுத்தால் மட்டுமே வெளிக்கதவை உடைக்கலாம். அவமானப்படுத்தலாம் என்ற எண்ணத்தில் இதைக் கேட்பவர்கள் உண்டு. எடுத்த சாமானை ஏற்றி இறக்கிப் பாதுகாக்கும் செலவு நீங்கள் கட்டியது, பழைய பீரோ ஏலத்தில் என்ன விலைக்குப் போகும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

வீட்டுக்கு ஜப்தி கேட்கும் அதே வேகத்தில் சம்பளத்துக்கும் கேளுங்கள். இது சண்டை சச்சரவு இல்லாத வசூல். கணக்கு இப்படி: அரசு விலக்கு அறிவித்திருக்கும் படிகளைக் கழித்து மிச்சமுள்ள மாதச் சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயைத் தொடக் கூடாது, பாக்கியில் மூன்றில் இரண்டு பங்கையும் தொடக் கூடாது. அந்தக் கணக்கில் சம்பளம் 40,000 என்று வைத்துக்கொண்டால், ஆயிரம் போக 39,000, அதில் மூன்றில் ஒரு பங்கு 13,000. கோர்ட் உத்தரவு போய்ச் சேர்ந்ததும் சம்பளம் போடும் அதிகாரி மாதாமாதம் அதைப் பிடித்து கோர்ட்டுக்கு அனுப்ப வேண்டும். பிடிக்காமல் முழுச் சம்பளத்தையும் கொடுத்துவிட்டால் அந்தத் தொகைக்கு அரசே பொறுப்பு. அதனால் அலுவலகங்கள் பொதுவாக ஒழுங்காகவே பிடிப்பார்கள்.

ஆனால் ஒரு டிக்ரிக்கு மொத்தம் 24 மாதம்தான் பிடிக்கலாம். அதற்குப் பிறகு அந்த டிக்ரிக்கு அந்தச் சம்பளம் நிரந்தரமாக விடுபட்டுவிடும். 13,000 வீதம் 24 மாதத்துக்கு 3 லட்சத்து 12 ஆயிரம். உங்கள் டிக்ரியில் பாதிகூட இல்லை. வேறு கடன்காரர் யாராவது உங்களுக்கு முன்பே அவர் சம்பளத்தில் ஜப்தி வைத்து 24 மாதம் முடித்திருந்தால், அடுத்த 12 மாதம் யாரும் தொட முடியாது, நீங்கள் வரிசையில் நிற்க வேண்டியதுதான்.

அவருக்கு வயது என்ன என்று நீங்கள் சொல்லவில்லை. ஓய்வு பெற இரண்டு மூன்று வருஷம்தான் இருக்கிறது என்றால் சம்பள ஜப்தியை நாளைக்கே ஆரம்பியுங்கள். 'ரிட்டயர் ஆகும்போது மொத்தமாக வருமே, அப்போது பிடித்துக்கொள்ளலாம்' என்று காத்திருப்பவர்கள் ஏமாந்துதான் போவார்கள். பி.எஃப்., அரசு ஓய்வூதியம், பணிக்கொடை எதையும் ஜப்தி செய்ய முடியாது. ஆயுள் காப்பீட்டுப் பாலிசிப் பணமும் அப்படியே. பணிக்கொடையை வங்கியில் நிரந்தர வைப்பாகப் போட்டிருந்தாலும் அந்தப் பாதுகாப்பு தொடரும் என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

தொடக் கூடாத பட்டியல் 60-வது பிரிவில் இருக்கிறது. உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, மத வழக்கப்படி ஒரு பெண் கழற்றக் கூடாத நகை. நம் ஊரில் தாலி அதில் வரும். கைவினைஞரின் கருவிகள், விவசாயியின் ஏர், மாடு, விதைநெல். விவசாயி, கூலித் தொழிலாளி, வீட்டு வேலை செய்பவர் ஆகியோர் தாங்களே குடியிருக்கும் வீடு. இந்தக் கடைசி வரியைப் பாதி மட்டும் படித்துவிட்டுத்தான் 'குடியிருக்கும் வீட்டை ஏலம் விட முடியாது' என்று டீக்கடையில் சொல்கிறார்கள். பஞ்சாபில் எல்லோருடைய பிரதான குடியிருப்புக்கும் விலக்கு கொடுக்கும் மாநிலத் திருத்தம் உண்டு, தமிழ்நாட்டில் கிடையாது. இரண்டு ஏக்கர் நிலம் வைத்திருப்பதால் ஓர் அரசு ஊழியர் விவசாயி ஆகிவிட மாட்டார், விவசாயத்தில்தான் பிழைப்பு என்று காட்ட வேண்டும். ஆக அவர் வீட்டை ஜப்தி செய்யலாம், நிலத்தையும் செய்யலாம்.

நிலம் வேறு கோர்ட் எல்லையில் இருந்தால் டிக்ரி கொடுத்த கோர்ட் நேரடியாகத் தொட முடியாது. டிக்ரியை அந்தக் கோர்ட்டுக்கு மாற்றல் வாங்க வேண்டும். அதற்கு நாளாகும் என்பதால், இடையில் நிலம் கைமாறாமல் இருக்க 46-வது பிரிவின்கீழ் அந்தக் கோர்ட்டுக்கு ஒரு கட்டளை அனுப்பச் சொல்லிக் கேட்கலாம். அந்த ஜப்தி இரண்டு மாதம் நிற்கும், அதற்குள் மாற்றல் வேலையை முடிக்க வேண்டும்.

சரி, ஜப்தி ஆகிவிட்டது. அடுத்து ஏலம்தானே என்று எல்லோரும் அவசரப்படுகிறார்கள். என் அபிப்பிராயத்தில் இந்த நடைமுறையின் பலமே ஜப்தியில்தான் இருக்கிறது. வீட்டை விற்க முடியாது, அதன் பேரில் கடன் வாங்க முடியாது, பெண் கல்யாணத்துக்கு அடமானம் வைக்க முடியாது என்றாகிவிட்டால் பெரும்பாலானவர்கள் தவணை கேட்டுப் பேச்சுக்கு வருவார்கள். நிலையான சம்பளம் உள்ளவர் இன்னும் சீக்கிரம் வருவார். ஏலம் கடைசி வழி. அதில் போக வேண்டி வந்தால், அவசரப்படாமல் விதியை வரிக்கு வரி பின்பற்றிப் போங்கள். ஏனென்றால் ரத்தாகும் ஏலங்களில் பலவும் டிக்ரிதாரரின் அவசரத்தாலும் பேராசையாலும் ரத்தாகின்றன.

பேராசை எப்படி வரும் என்று சொல்கிறேன். உங்களுக்கு வர வேண்டியது 6 லட்சத்துச் சொச்சம். வீடு 40 லட்சம் பெறும் என்று வைத்துக்கொள்வோம். அதைக் குறைந்த மதிப்பு போட்டு ஏலத்துக்குக் கொண்டுவந்து, நீங்களே 12 லட்சத்துக்கு எடுத்துவிடலாம் என்று யாராவது யோசனை சொல்லுவார்கள். 21-வது கட்டளையின் 64-வது விதி, டிக்ரியைத் தீர்க்கத் தேவையான அளவு சொத்தை மட்டும்தான் விற்கச் சொல்கிறது. இது கோர்ட்டின் விருப்பம் அல்ல, கடமை. இரண்டாயிரத்துச் சொச்சம் ரூபாய்க் கடனுக்குப் பத்து ஏக்கர் நிலத்தை முழுசாக ஏலம் விட்ட ஓர் ஆந்திர வழக்கில், 1989-ல் உச்ச நீதிமன்றம் அந்த ஏலத்தைத் தூக்கி எறிந்தது. துண்டு போட்டு விற்க முடிகிற சொத்தை ஏன் துண்டு போடவில்லை என்பதுதான் கேள்வி. உங்கள் கேஸில் இரண்டு ஏக்கரில் ஒரு பகுதியே கடனுக்குப் போதும் என்றால், வீட்டை விட்டுவிட்டு அந்தப் பகுதியை ஏலத்துக்குக் கொண்டுவருவது நியாயம் மட்டும் அல்ல, பின்னால் நிலைத்தும் நிற்கும்.

ஏல அறிவிப்பு தயாரிக்கும்போது கடனாளிக்கு நோட்டீஸ் போக வேண்டும். அதில் சொத்தின் விவரம், தீர்வை, வில்லங்கம், வசூலிக்க வேண்டிய தொகை எல்லாம் இருக்க வேண்டும். மதிப்பு என்று வரும்போது நீங்கள் சொல்வது ஒன்று, கடனாளி சொல்வது ஒன்று, அமீனா ரிப்போர்ட்டில் ஒன்று என்று மூன்று தொகை வந்து நிற்கும். கடனாளி சொன்ன தொகையையும் அறிவிப்பில் போடச் சொல்லுங்கள், விட்டுவிடாதீர்கள். வழிகாட்டி மதிப்பின் நகலையும் வைத்துவிட்டால் 'அடிமாட்டு விலைக்கு விற்றார்கள்' என்ற வாதத்துக்கு இடம் குறையும். அறிவிப்பு ஒட்டியதிலிருந்து ஏலத்துக்குக் குறைந்தது 15 நாள் இடைவெளி வேண்டும். ஏலத்தை 30 நாளுக்கு மேல் தள்ளி வைத்தால் புதிதாக அறிவிப்பு போட வேண்டும், கடனாளியே அது வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தால் தவிர. ஏலம் கேட்க ஆளே வரவில்லை என்றால் ஆரம்ப விலையைக் குறைக்க மனுப் போடலாம், சில கேஸ்களில் அதையே இரண்டு மூன்று தடவை செய்ய வேண்டியிருக்கும். பிரச்சினை உள்ள வீட்டை வாங்க ஊரில் யாருக்கும் அவ்வளவாக மனசு வராது.

டிக்ரிதாரரும் ஏலம் கேட்கலாம், ஆனால் கோர்ட்டின் முன் அனுமதி வேண்டும். அனுமதி கேட்கும்போதே டிக்ரித் தொகையை ஏலத் தொகையில் கழித்துக்கொள்ளவும் உத்தரவு வாங்குங்கள். மற்றவர் ஏலம் எடுத்தால் 25 சதவீதத்தை அன்றைக்கே கட்ட வேண்டும், மிச்சத்தை 15 நாளுக்குள். ஒரு நாள் தவறினாலும் அந்த ஏலம் ஏலமே இல்லை என்று 1954-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, நீதிபதி இரக்கப்பட்டாலும் அவகாசம் கொடுக்க அதிகாரம் இல்லை.

ஏலம் முடிந்த பிறகும் கடனாளிக்கு ஒரு கதவு திறந்தே இருக்கிறது. 60 நாளுக்குள், அறிவிப்பில் சொன்ன தொகையை உங்களுக்கும், ஏலத் தொகையில் 5 சதவீதத்தை ஏலம் எடுத்தவருக்கும் கோர்ட்டில் கட்டிவிட்டால் ஏலம் ரத்து, காரணம் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. வீடு 30 லட்சத்துக்குப் போயிருந்தால் கடனோடு ஒன்றரை லட்சம் கூடக் கட்டி மீட்கலாம். கடனாளிகளில் பாதிப் பேருக்கு இந்த 89-வது விதி தெரிவதில்லை. அதற்குப் பதில் 90-வது விதியில் மோசடி, முறைகேடு என்று மனுப் போட்டு வருஷக்கணக்கில் நடத்துகிறார்கள். அதில் முறைகேடு நடந்தது என்று காட்டினால் மட்டும் போதாது, அதனால் தனக்குப் பெரிய நஷ்டம் என்றும் நிரூபிக்க வேண்டும். 90-ல் போட்ட மனுவைத் திரும்பப் பெறாமல் 89-ல் போகவும் முடியாது. எதிர்த்தரப்பில் இருந்து இதைப் படிப்பவர் யாராவது இருந்தால், உறவினரிடம் கைமாற்று வாங்கியாவது அந்த 60 நாளைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

உங்கள் ஜப்திக்கு முன்பே செட்டில்மென்ட் பதிவாகிவிட்டிருந்தால்? மனைவி 58-வது விதியில் உரிமை மனுப் போடுவார். அது ஒரு தனி வழக்கு மாதிரியே சாட்சி, ஆவணம், விசாரணை என்று நடக்கும், உத்தரவுக்கு டிக்ரியின் பலம் உண்டு, அப்பீலும் உண்டு. அங்கே நீங்கள் சொல்ல வேண்டியது, கடன்காரர்களை ஏமாற்றவே எழுதப்பட்ட பத்திரம் இது என்பது. சொத்துரிமை மாற்றச் சட்டம் 53-வது பிரிவு. கேஸ் நோட்டீஸ் கிடைத்த பிறகு எழுதியது, பணம் கைமாறாதது, எழுதிக் கொடுத்தவரே இன்னும் அதே வீட்டில் இருப்பது, வீட்டு வரி ரசீதும் மின் இணைப்பும் அவர் பேரிலேயே ஓடுவது, வேறு பெரிய சொத்து மிச்சம் இல்லாதது, இப்படிப்பட்ட சூழ்நிலைகளைத்தான் கோர்ட் பார்க்கும். உங்கள் எதிரிக்கு நிலமும் சம்பளமும் இருப்பதால், 'கடனை அடைக்க எனக்கு வேறு சொத்து இருந்ததே' என்று அவர் தரப்பில் சொல்வார்கள். அது பலமான பதில்தான். அதனால்தான் பத்திரம் பதிவாகும் முன் ஜப்தி வேண்டும் என்கிறேன். இன்னும் கேஸே போடாதவர்கள், கடனாளி சொத்தை விற்க ஏற்பாடு செய்கிறார் என்பதற்கு ஆதாரம் இருந்தால், கேஸோடு சேர்த்தே தீர்ப்புக்கு முந்தைய ஜப்தி கேட்கலாம். டிக்ரி வந்ததும் அதுவே தொடரும், மறுபடி ஜப்தி செய்யத் தேவையில்லை.

ஜெயில் விஷயம். பணம் கட்ட முடியாதவரை ஜெயிலில் போட முடியாது. கட்ட வழி இருந்தும் கட்டாமல் ஏமாற்றுபவரைத்தான் போடலாம். 1980-ல் நீதிபதி கிருஷ்ண ஐயர் ஒரு வங்கிக் கடன் வழக்கில் இதை அழுத்தமாக எழுதிவிட்டார், அன்றிலிருந்து இதுதான் நிலை. பண டிக்ரிக்காகப் பெண்களைக் கைது செய்யவே முடியாது. ஆண்களுக்கும் அதிகபட்சம் மூன்று மாதம். அந்த நாட்களுக்குச் சாப்பாட்டுப் படியை நீங்கள்தான் முன்கூட்டிக் கட்ட வேண்டும். உள்ளே இருந்துவிட்டு வந்தாலும் கடன் தீராது, ஆனால் அதே டிக்ரிக்கு மறுபடி கைது செய்ய முடியாது. சம்பளம் வாங்குகிறவர், வீடு வைத்திருப்பவர் என்பதால் உங்கள் கேஸில் கைது மனு நிற்கக்கூடும். இருந்தாலும் கையில் சொத்து தெரிந்திருக்கும்போது நான் முதலில் அங்கே போகச் சொல்ல மாட்டேன். அதைவிட உபயோகமானது 41-வது விதி: தன் சொத்து விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்யக் கடனாளிக்கு உத்தரவிடச் சொல்லலாம். சொல்லியும் தாக்கல் செய்யாவிட்டால் அதற்கே மூன்று மாதம் வரை சிவில் சிறை உண்டு.

மஞ்சள் கடுதாசி கொடுத்துவிட்டால், அதாவது திவால் என்று மனுப் போட்டுவிட்டால், என்ன ஆகும் என்ற பயமும் இருக்கும். சென்னைக்கு 1909 சட்டம், மற்ற ஊர்களுக்கு 1920 சட்டம், இன்றும் இவைதான் நடப்பில் உள்ளன. கோர்ட் அவரை நொடித்தவர் என்று அறிவித்துவிட்டால் சொத்து கோர்ட் நியமிக்கும் ரிசீவரிடம் போய், எல்லாக் கடன்காரர்களுக்கும் விகிதப்படி பிரியும். நீங்கள் தனியாக ஏலம் நடத்த முடியாது. ஆனால் 1920 சட்டப்படி, அந்த மனுவுக்கு முந்தைய இரண்டு வருஷத்துக்குள் மனைவிக்கு இனாமாக எழுதிய செட்டில்மென்ட்டை ரிசீவர் ரத்து செய்ய வைக்கலாம் என்பதையும் அவரிடம் யாராவது சொல்லி வைப்பது நல்லது. நல்ல சம்பளத்தில் இருக்கும் அரசு ஊழியர் அவ்வளவு சுலபமாக அந்த வழிக்குப் போவதில்லை.

இன்னொன்று பலருக்குத் தெரியாது. முதலில் ஜப்தி செய்ததால் உங்களுக்கு முன்னுரிமை வந்துவிடாது. ஏலப் பணம் கோர்ட்டுக்கு வருவதற்குள், அதே கடனாளி மேல் டிக்ரி வைத்திருக்கும் வேறு யாராவது அந்தக் கோர்ட்டில் இ.பி. போட்டிருந்தால் அவரும் விகிதப்படி பங்கு கேட்கலாம். வங்கி அடமானம் இருந்தால் அது எல்லோருக்கும் முன்னால் நிற்கும். வங்கிக்கு 2002 சட்டத்தின்கீழ் 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, கோர்ட்டுக்கே வராமல் வீட்டை எடுத்து விற்கும் அதிகாரம் உண்டு. உங்களுக்குக் கிடைப்பது வங்கிக்குப் போக மிச்சம்.

எத்தனை நாள் ஆகும்? இ.பி.யை ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும், முடியாவிட்டால் காரணத்தை எழுதி வைக்க வேண்டும் என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 2025 மார்ச்சில் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் அதையே திரும்பச் சொல்லி, எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் நிலுவைக் கணக்குக் கேட்டது. அந்த அக்டோபரில் வந்த கணக்கில் நாடு முழுக்க 8,82,578 மனுக்கள், தமிழ்நாட்டில் மட்டும் 86 ஆயிரத்துக்கு மேல். மனுவைச் சீக்கிரம் எடுக்கச் சொல்லும்போது உங்கள் வக்கீல் இந்த உத்தரவுகளைக் காட்டலாம், பலன் இருக்கிறது. ஆனால் ஒரு வாய்தாவில்கூட நம் தரப்பில் ஆள் இல்லாமல் போகக் கூடாது. ஆள் இல்லாமல் இ.பி. தள்ளுபடியானால், ஜப்தி தொடரும் என்று கோர்ட் தனியாகச் சொல்லாவிட்டால் ஜப்தியும் அதோடு போய்விடும். அந்த இடைவெளியில்தான் செட்டில்மென்ட் பத்திரங்கள் பதிவாகின்றன.

நடுவில் அவர் பேச்சுக்கு வந்து வெளியில் பணம் கொடுத்தால் தாராளமாக வாங்கிக்கொள்ளுங்கள், ஆனால் கோர்ட்டுக்குத் தெரிவித்துப் பதிவு செய்யுங்கள். கொடுப்பவரும் அதை வலியுறுத்த வேண்டும். நீங்கள் தெரிவிக்காவிட்டால், பணம் கொடுத்த 30 நாளுக்குள் பதிவு செய்யச் சொல்லி அவரே மனுப் போட வேண்டும், பதிவாகாத பணத்தை நிறைவேற்றும் கோர்ட் கணக்கில் எடுக்காது. முழுத் தொகையும் வந்ததும் டிக்ரி தீர்ந்தது என்று எழுதிக் கொடுத்து, ஜப்தி நீக்கிய உத்தரவை சார் பதிவாளருக்கும் அனுப்பச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் அவர் பிள்ளைகள் அந்த வீட்டை விற்கப் போகும் நாளில் வில்லங்கச் சான்றில் உங்கள் கேஸ் நம்பர் வந்து நிற்கும், ஒரு கையெழுத்துக்காக உங்களைத் தேடிக்கொண்டு வருவார்கள்.